ரோட்டுப் பக்கம் நீண்ட படி

காசிமேட்டுப் பச்சையம்மாவுக்கு ராசையா பன்னிரண்டாயிரம் ரூபாய் கடன்பட்டிருந்தான். பத்திரம் இல்லை, சாட்சி இல்லை, வட்டியும் இல்லை. அவள் சீட்டைத் தள்ளி எடுத்து, ஈரக்கையோடு எண்ணிக் கொடுத்த பணம். அதில்தான் அவன் வெல்டிங் செட் வாங்கினான், தகரம் போட்டான், திருவொற்றியூரில் விம்கோ நகருக்குத் திரும்பும் இடத்தில் பட்டறை என்று ஒன்றை நிறுத்தினான். அடுத்த ஆடிக்குள் தருகிறேன் என்றான். ஆடி வந்தது, போனது. அதற்கடுத்த ஆடியும் அப்படியே போனது.

பச்சையம்மா ஒருநாளும் வந்து கத்தியதில்லை. கத்தியிருந்தால் அவனும் பதிலுக்குக் கத்தி ஆறியிருப்பான். எதிரே பார்க்கும்போதெல்லாம் வலது உள்ளங்கையை விரித்துக் காட்டுவாள். "கை அரிக்குதுடா ராசையா. பணம் வரப்போவுதுன்றாங்க. வருமா, இல்ல சொரிஞ்சிக்கினே கீறதா?" என்பாள். மீன் கூடையைத் தூக்கிக்கொண்டு போய்விடுவாள். ஊரெல்லாம் வாய் கிழியப் பேசுகிறவனுக்கு அந்த ஒரு கை முன்னால் மட்டும் நாக்கு ஒட்டிக்கொள்ளும்.

வாய் என்றால் சாதாரண வாய் இல்லை. கடலோரக் குப்பத்தில் பிறந்த மீனவன் மகன். ஆனால் படகில் ஏறினால் முகத்துவாரம் தாண்டுவதற்குள் குடலைக் கக்குவான். மூன்று தடவை கூட்டிப்போய்ப் பார்த்துவிட்டு, கடலுக்கு ஆகாதவன் கரைக்கும் பாரம் என்று அப்பன் கைகழுவினான். படிப்பு மூன்றாங்கிளாசோடு சரி. ஆனாலும் அவன் பாரமாகிவிடவில்லை. துறைமுகத்தில் கட்டிக்கிடக்கும் படகுகளில் வலை இழுக்கும் விஞ்சைப் பிரிப்பவர்கள் பக்கத்தில் குந்தி, கேட்காமலே கற்றுக்கொண்டான். கண்ணாடி வாங்கக் காசில்லாமல் வெறுங்கண்ணால் வெல்டிங்கைப் பார்த்து, கண் வீங்கி, உருளைக்கிழங்கை அறுத்து வைத்துக் கட்டிக்கொண்டு படுத்துக்கிடந்திருக்கிறான். யார் கையைப் பிடித்தும் மேலே வந்தவன் இல்லை. அதனால், காசிமேட்டில் உள்ள விஞ்சுகள் எல்லாம் தன் குரல் கேட்டாலே சுற்றும் என்று அவன் சொல்வதை யாரும் தப்பாக எடுத்துக்கொள்வதில்லை. பாதி உண்மை என்பதும் எல்லோருக்கும் தெரியும்.

இரண்டாயிரத்து நான்காம் வருஷம், மே மாதக் கடைசி. மீன்பிடித் தடைக்காலம் முடிகிற சமயம். இந்த நாளில்தான் படகுகளுக்குப் பழுது பார்ப்பார்கள். ராசையாவுக்கு மூச்சுவிட நேரம் இருக்காது. ஆனால் வேலைதான் இருக்கும், காசு இருக்காது. எந்தப் படகுக்காரனைக் கேட்டாலும் ஒரே பாட்டு: படகு போய் வரட்டும். மீன்கிடங்குக்குள் இறங்க இரும்பு ஏணி வேண்டும் என்று செய்யச் சொன்ன ஒருவன், ஏணியை எடுத்துப் போகக்கூட வரவில்லை. அது பட்டறைச் சுவரில் சாய்ந்து துருப்பிடித்துக்கொண்டிருந்தது.

பச்சையம்மாவுக்கும் அதே தேதிதான் கழுத்தில் கத்தி. ஜெயவேல் என்பவரின் விசைப்படகு மீனை அவள் பல வருஷம் முதல் கையில் ஏலம் எடுத்தவள். படகு கிளம்புமுன் முன்பணம் கட்டுகிறவர்களுக்குத்தான் அந்த இடம். அவள் பணம் ராசையாவிடம் முடங்கியதும் இடம் போயிற்று. இரண்டு வருஷமாக மற்றவர்கள் எடுத்த மீனை அவர்களிடம் விலைக்கு வாங்கி, தெருத்தெருவாகக் கூவி விற்றாள். கால் வீங்கிப்போயிருந்தது. இந்தத் தடவை ஜெயவேல் சொல்லிவிட்டார்: "ஐஸ் ஏத்தி முடிக்கிற வரைக்கும் பாப்பேன்மா. அதுக்கப்புறம் இருதயம்மாளுக்குக் குடுத்துடுவேன். என் மேல வருத்தப்படக் கூடாது." நாளை சாயங்காலம் ஐஸ் ஏறுகிறது.

ராசையாவின் மனைவி குணசுந்தரி எக்ஸ்போர்ட் கம்பெனியில் தையல் வேலைக்குப் போகிறவள். அவளும் அவனுமாகச் சேர்த்தது எட்டாயிரம் இருந்தது. அதையாவது கொண்டுபோய்க் கொடுக்கலாமென்று அவன் முன்பே ஒருமுறை போனான். பச்சையம்மா தொடவில்லை. முழுசாகக் கொடுத்தேன், முழுசாகக் கொடு. துண்டு துண்டாக வந்தால் துண்டு மீன் மாதிரி, வீடு போய்ச் சேராது என்று திருப்பி அனுப்பிவிட்டாள். அது அவள் ஆத்தா காலத்திலிருந்து வந்த வழக்கம்.

"எல்லாத்தையும் வெல்டிங் வெச்சி ஒட்டுவேன்னு சொல்ற. இந்த நாலாயிரத்த ஒட்ட ஒரு வழி இல்லியா உனுக்கு?" என்று கேட்டுவிட்டு குணசுந்தரி வேலைக்குப் போனாள்.

மறுநாள் காலையில் ரவிக்குமார் வந்தான். மீஞ்சூர்க்காரன், முன்பு லாரி ஓட்டியவன், பட்டறைக்குப் பழக்கமானவன். இப்போது ஒரு கேரவன் வண்டிக்கு டிரைவராகச் சேர்ந்திருந்தான். படுக்கை, சமையல் மேடை, கக்கூஸ் எல்லாம் உள்ளேயே இருக்கும் வண்டி. அமெரிக்காவிலிருந்து கப்பலில் வந்து, கேட்பாரில்லாமல் கண்டெய்னர் யார்டில் உப்புக்காற்றில் வருஷக்கணக்கில் கிடந்தது. மனோகரன் என்பவர் அதை ஏலத்தில் எடுத்திருக்கிறார். ஷூட்டிங்குக்கு வாடகைக்கு விடப்போகிறார். நாளைக் காலை முதல் வாடகை. ஆனால் வண்டி யார்டு வாசலுக்கு வெளியே ரோட்டுக்கு வந்ததோடு நின்றுவிட்டது.

"படி உள்ள போவ மாட்டேங்குது மாமு" என்றான் ரவிக்குமார்.

படி என்றதும் ராசையாவுக்குப் புரியவில்லை. போய்ப் பார்த்ததும் புரிந்தது. கதவைத் திறந்தால் அடியிலிருந்து இரண்டடுக்கு இரும்புப் படி தானே நீளும். மூடினால் தானே மடங்கி உள்ளே போகும். கரண்டில் வேலை செய்வது. இப்போது பாதி மடங்கிய நிலையில் அப்படியே நின்றுவிட்டது. அதுவாவது பரவாயில்லை. அந்த ஊரில் வண்டி ரோட்டின் வலப்பக்கம் ஓடுமாம். அதனால் கதவும் வலது பக்கம். நம் ஊரில் அது நடுரோட்டுப் பக்கம். எண்ணூர் நெடுஞ்சாலையில் துறைமுகத்துக்குப் போகிற டிரைலர் வண்டிகள் ஒன்றன் வால் ஒன்று பிடித்துக்கொண்டு ஊர்ந்துபோகும். அந்த வரிசையைப் பார்த்து இந்தப் படி ஒன்றரை முழம் நாக்கை நீட்டிக்கொண்டு நின்றது. இப்படியே ஓட்டினால் கேஸ் போடுவேன், சாயங்காலத்துக்குள் எடுக்காவிட்டால் தூக்கிக்கொண்டு போவேன் என்று டிராஃபிக் போலீஸ் சொல்லிவிட்டுப் போயிருந்தார்.

மனோகரன் வெள்ளைச் சட்டை, நெற்றியில் குங்குமம், தோல்பையோடு வேர்த்துக்கொண்டு நின்றார். ஏற்கெனவே ஒரு மெக்கானிக் வந்து சுத்தியால் அடித்து, இரண்டு போல்ட் தலையை மொட்டையாக்கிவிட்டுப் போயிருந்தான். கேஸ் கட்டர் வைத்து அறுக்கலாம் என்றால் மேலே தரை முழுக்கப் பலகை, பிளாஸ்டிக் பைப்பு; தீப் பிடித்துக்கொண்டால் வண்டியே சிதை. ரெக்கவரி லாரிக்காரன் பத்தாயிரம் கேட்டிருந்தான்.

ராசையா படுத்துப் பார்த்தான், எழுந்தான், கையைத் துடைத்தான். நெருப்பு வைக்காமல் படியை முழுசாகக் கழற்றித் தருவேன், அதற்குப் பதில் ஏற இறங்க ஒரு ஏணியும் செய்து தருவேன், நாலாயிரம் என்றான். மனோகரன் மூவாயிரம் என்றார். நாலாயிரம் என்றான் மறுபடி. ரெக்கவரிக்காரனை நினைத்துப் பார்த்து அவர் தலையாட்டினார்.

"சாயங்காலம் ஆவறதுக்குள்ள முடியுமா?"

"நடுக்கடல்ல நின்னுபோன விஞ்சையே கரையில இருந்து சரிபண்ணவன் சார் நானு. இது இன்னா, ஒரு படி" என்றான் ராசையா. கடலில் போனால் வாந்தி எடுப்பான் என்பதை ரவிக்குமார் சொல்லவில்லை; வேறு பக்கம் பார்த்துச் சிரித்துக்கொண்டான்.

முதல் வேலையாக முன்பக்க மூடியைத் திறந்து பேட்டரி ஒயரைக் கழற்றிப் போட்டான். லாரியாக இருந்தாலும் படகாக இருந்தாலும் அதுதான் வழக்கம். இனிமேல் இது செத்த பாம்பு, பயப்படாமல் கிட்டே வரலாம் என்று சுற்றி நின்றவர்களுக்குச் சொல்லிவிட்டு அடியில் நுழைந்தான். டிரைலர் டயர்கள் தலைக்கு அந்தப் பக்கம் உருண்டுகொண்டிருந்தன. ரவிக்குமார் நாலு கல்லும் ஒரு சிவப்புத் துணியும் வைத்து மறைவு கட்டியிருந்தான்.

பதிமூன்றாம் நம்பர் ஸ்பேனர் வழுக்கியது, பன்னிரண்டு நுழையவில்லை. முந்தியவன் போல்ட் தலையை மொட்டையாக்கியது ஏன் என்று ராசையாவுக்கு அப்போதே தெரிந்தது. அங்குலக் கணக்குப் போல்ட். பழைய படகு இன்ஜினுக்காக வைத்திருந்த அரை அங்குல ஸ்பேனரைப் பட்டறையிலிருந்து எடுத்து வந்தான். மண்ணெண்ணெயில் நனைத்த துணியை ஒவ்வொரு போல்டிலும் சுற்றிவிட்டு, ஊறட்டும் என்று ஒரு டீ குடித்தான். பிறகு அவிழ்க்கப் போகவில்லை, இறுக்கினான். துருப்பிடித்ததை நேரே அவிழ்த்தால் கழுத்து ஒடியும். முதலில் ஒரு மயிரளவு இறுக்கினால் துரு பிளந்து கொடுக்கும். உப்புக்காற்றில் வேலை செய்கிற எல்லோருக்கும் இது தெரியும். ராசையா மட்டும் அதைத் தானே கண்டுபிடித்த மாதிரி சொல்வான். மொட்டையாகிப்போன இரண்டையும் உளியை ஓரத்தில் வைத்துத் தட்டித் தட்டியே நகர்த்தினான். முதுகுக்குக் கீழே தார் கொதித்தது. கத்திரி வெயில் அப்படி.

எல்லாம் தளர்ந்து, படியைத் தாங்க ஜாக்கியைக் கொடுத்து, மோட்டார் ஒயரைப் பிரிக்கக் கையை உள்ளே விட்டான். அந்த நேரம் பார்த்து, உள்ளே இருக்கும் தண்ணீர் பாட்டிலை எடுக்க ரவிக்குமார் கதவைத் திறந்தான்.

செத்த பாம்பு உர்ரென்றது. படி ஒரு விரற்கடை அளவு துள்ளி, ராசையாவின் இடது கட்டைவிரலை வண்டியின் அடிச்சட்டத்தில் வைத்து நசுக்கியது. நகம் இரண்டாகப் பிளந்தது. அவன் விரலைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தான். ரவிக்குமார் உள்ளே தேடிப் பார்த்ததில் படுக்கைக்குக் கீழே இன்னொரு பேட்டரி இருந்தது. வீட்டுச் சாமான்களுக்கெல்லாம் அதிலிருந்துதான் கரண்டு; படிக்கும் அதிலிருந்துதான்.

"செத்துப்போச்சின்னியே மாமு" என்றான் ரவிக்குமார்.

"பாம்புக்கு ரெண்டு தலை இருந்தா நான் இன்னா பண்றது? மூடிக்கினு அந்த ஒயரையும் கழட்டு."

விரலில் துணியைச் சுற்றிக்கொண்டே ராசையா யோசித்தான். மோட்டார் எரிந்துபோயிருக்கும் என்றுதான் இதுவரை நினைத்திருந்தான். எரிந்த மோட்டார் துள்ளாது. அப்படியானால் மோட்டாருக்கு உயிர் இருக்கிறது; போகவிடாமல் எதுவோ பிடித்துக்கொண்டிருக்கிறது.

ஜாக்கியை மெல்ல இறக்கினான். சிமெண்ட் மூட்டைக் கனத்தில் படி கீழே வந்து உட்கார்ந்தது. அதை இழுத்து வெளியே போட்டு, துரு தின்று ஓட்டை விழுந்திருந்த மோட்டார் மூடியைத் திறந்தான். பல்சக்கரத்தின் இரண்டு பல்லுக்கு நடுவே ஒரு ரூபாய்க் காசு செருகிக்கொண்டு நின்றது. காசு முழுக்கக் காய்ந்த குங்குமம். சக்கரம் முழுக்கப் பூசணி விதை.

அவனுக்கு நொடியில் விளங்கிவிட்டது. வண்டி யார்டை விட்டு வெளியே வந்ததும் மனோகரன் பூசை போட்டிருக்கிறார். குங்குமமும் சில்லறையும் வைத்த திருஷ்டிப் பூசணிக்காயை எல்லோரும் வண்டிக்கு முன்னால் ரோட்டில் உடைப்பார்கள். இது வீடு மாதிரி வண்டியாயிற்றே, வீட்டுக்கு வாசற்படிதானே முக்கியம் என்று அவர் கதவைத் திறந்து, நீண்டுவந்த படிமேல் ஓங்கிப் போட்டு உடைத்திருக்கிறார். படியைச் செய்த அமெரிக்கக்காரன் எத்தனையோ யோசித்துச் செய்திருப்பான். படிமேல் பூசணிக்காய் விழும் என்பதை அவன் எங்கே யோசித்தான்.

இந்த இடத்தில் வேறொருவனாக இருந்தால் காசைச் சத்தமில்லாமல் தள்ளிவிட்டு, மோட்டார் போய்விட்டது சார் என்று சொல்லி, நாலாயிரத்தை வாங்கிக்கொண்டு போயிருப்பான். யாரும் பார்க்கவில்லை. ராசையாவுக்கும் அது தோன்றாமல் இல்லை. பச்சையம்மாவின் கை கண்முன் வந்து போனது. ஆனால் அவன் பிறவிக் குணம் ஒன்று. கண்டுபிடித்ததை நாலு பேருக்குச் சொல்லாவிட்டால் அவனுக்கு அன்றைக்குச் சோறு இறங்காது. கூப்பிட்டான். மனோகரன், ரவிக்குமார், யார்டு வாட்ச்மேன், டீக்கடைக்காரர் எல்லோரும் குனிந்து பார்க்க, ஸ்க்ரூடிரைவரால் காசை நெம்பி எடுத்து, சக்கரத்தைக் கையால் சுற்றிக் காட்டினான். வெண்ணெய் மாதிரி சுற்றியது.

மனோகரன் கணக்குப் போட ஆரம்பித்தார். ஒரு ரூபாய்க் காசு எடுத்ததற்கு நாலாயிரமா? படி நன்றாகத்தானே இருக்கிறது, எடுத்ததை மாட்டிவிட்டால் போதும். ஏணியும் வேண்டாம், ஒன்றும் வேண்டாம். ஆயிரம் தருகிறேன், வயிறு எரியாமல் வாங்கிக்கொள் என்றார்.

தன் வாயால் தானே மூவாயிரத்தைக் கெடுத்துக்கொண்டது ராசையாவுக்குப் புரிந்தது. வெயில் சாயத் தொடங்கியிருந்தது. காசிமேட்டில் ஐஸ் உடைக்கும் மெஷின் ஓடத் தொடங்கியிருக்கும். ஆயிரத்தை வாங்கினால் ஒன்பதாயிரம். ஒன்பதை அவள் தொடமாட்டாள்.

அவன் கத்தவில்லை. காசை ஸ்க்ரூடிரைவர் நுனியில் வைத்தபடியே எடுத்துக்கொண்டு மனோகரன் பக்கம் போனான்.

"சரி சார். எனுக்கு ஆயிரமும் வேணாம். ஒரு பைசா வேணாம். இந்தக் காசு எந்தப் பல்லுல இருந்துச்சோ அதே பல்லுல திரும்ப வெச்சி, படிய மாட்டிக் குடுத்துட்டுப் போறேன். நான் வர்றதுக்கு முன்ன எப்படி இருந்துச்சோ அப்படியே. புடிங்க, உங்க காசுதான், உங்க கையாலயே வெய்யுங்க."

மனோகரன் சட்டென்று இரண்டடி பின்னால் போனார். திருஷ்டி கழித்த காசை யார் கையால் தொடுவார்கள்? வாட்ச்மேன் நகர்ந்தார். டீக்கடைக்காரரும் நகர்ந்தார். ராசையா மட்டும் அதை நீட்டிக்கொண்டே நின்றான்.

"என்னப்பா நீ, அதை ஏன் கிட்ட கொண்டு வர்ற" என்றார் மனோகரன்.

அப்போதுதான் ரவிக்குமார் வாய் திறந்தான். டிரைவர் பேசுவது அந்த முதலாளிக்குப் புதிது. "சார், ஒண்ணு சொல்றேன். படி வேலை செஞ்சாலும் ரோட்டு நடுவுலதான் நீளும். சிக்னல்ல நிக்கும்போது உள்ள இருக்கறவங்க யாராச்சும் கதவைத் தொறந்தா போதும், பக்கத்துல வர்ற பைக்குக்காரன் முட்டியில ஏறும். ஓட்டப்போறவன் நானு. எனுக்கு அந்தப் படி வேணாம். ஏணின்னா நிறுத்தற எடத்துல நானே எடுத்து மாட்டறேன்."

சொல்லி வைத்த மாதிரி ஒரு டிரைலர் உராய்கிற தூரத்தில் போனது. அதன் பின்னால் தொங்கிய சங்கிலி, படி இருந்த இடத்தின் காலி வெளியில் ஆடிக்கொண்டே போயிற்று. எல்லோரும் அதையே பார்த்தார்கள். மனோகரன் பையின் ஜிப்பைத் திறந்தார்.

ஏணி முடியட்டும் என்றான் ராசையா. முடிக்காத வேலைக்கு அவன் கூலி வாங்கியதில்லை. எத்தனை அவசரமானாலும் அதில் அவனுக்கு ஒரு திமிர். படகுக்காரன் எடுத்துப் போகாத கிடங்கு ஏணியைப் பட்டறையில் பாதியாக அறுத்து, மேலே இரண்டு கொக்கி வளைத்து வைத்து, உரசாமலிருக்க டயர் ரப்பர் சுற்றிக் கொண்டுவந்தான். கதவு நிலையில் மாட்டி, தானே ஏறி நின்று குதித்துக் காட்டினான். பிறகு மனோகரனை ஏறச் சொன்னான். அவர் செருப்பைக் கழற்றிவிட்டு ஏறினார், இறங்கினார், நாலாயிரத்தைக் கொடுத்தார். கழற்றிய படியை வண்டிக்குள் தூக்கிப் போட்டுக்கொண்டு ரவிக்குமார் கிளம்பினான்.

அந்தக் குங்குமக் காசை யாரும் எடுத்துப் போகவில்லை. ராசையா அதில் ஓட்டை போட்டு, பட்டறை வாசலில் எலுமிச்சம்பழத்துக்கும் மிளகாய்க்கும் மேலே கட்டித் தொங்கவிட்டான். ஒரு அமெரிக்கக்காரன் மோட்டாரையே நிறுத்திய காசு, ஊர்க்கண்ணை நிறுத்தாதா என்பது அவன் வாதம். பழமும் மிளகாயும் வாரா வாரம் மாறும். காசு மாறவில்லை.

ஆனால் அது மறுநாள் வேலை. அன்றைக்கு அவன் சட்டையைக்கூட மாற்றவில்லை. வீட்டுக்குப் போய் குணசுந்தரியிடம் எட்டாயிரத்தை வாங்கினான். அவள் நசுங்கிய விரலைப் பார்த்தாள், மஞ்சளைக் குழைத்து வைத்துக் கட்டினாள். ஷேர் ஆட்டோவில் தொற்றிக்கொண்டு காசிமேடு போய் இறங்கினான்.

துறைமுகம் கல்யாண வீடு மாதிரி இருந்தது. தடைக்காலம் முழுக்கத் தூங்கிக்கிடந்த படகுகள் டீசல் புகையைக் கக்கிக்கொண்டிருந்தன. ஜெயவேலின் படகில் ஐஸ் ஏறிக்கொண்டிருந்தது. கரையில் பத்துப் பன்னிரண்டு கட்டிதான் பாக்கி. ஜெயவேல் மேல்தளத்தில் நின்றார். இருதயம்மாள் சுருக்குப் பையை இடுப்பில் செருகிக்கொண்டு தயாராக நின்றாள். சற்றுத் தள்ளி, கவிழ்த்துப் போட்ட கூடைமேல் பச்சையம்மா வீங்கிய காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள். போக மனமில்லாமல் உட்கார்ந்திருக்கிற மாதிரி இருந்தது.

ராசையா எதிரே போய் நின்றான். வழியெல்லாம் என்னென்னவோ சொல்ல வைத்திருந்தான். பாம்பின் இரண்டாவது தலை, பூசணி விதை, பின்வாங்கிய முதலாளி எல்லாம் வரிசையாக இருந்தன. ஒன்றும் வரவில்லை.

"இன்னாடா, கையில கட்டு?" என்றாள் பச்சையம்மா.

"யக்கா, கைய நீட்டு."

அவள் அவன் முகத்தைப் பார்த்தாள். பிறகு புடவையில் கையைத் துடைத்துக்கொண்டு வலது உள்ளங்கையை விரித்தாள். வெட்டுத் தழும்பும் உப்பும் ஏறிய கை. சுண்டுவிரல் இடுக்கில் ஒரு மீன் செதில் ஒட்டியிருந்தது.

"சத்தமா எண்ணு. ஜெயவேலுக்குக் கேக்கணும்" என்றாள்.

அவன் சத்தமாக எண்ணினான். ஐந்நூறு நோட்டுகள் முதலில், பிறகு நூறுகள். நசுங்கிய விரலால் நோட்டைப் பிரிக்க முடியாமல் இரண்டு இடத்தில் திணறினான். அவள் அவசரப்படுத்தவில்லை, கையையும் அசைக்கவில்லை. ஐஸ் தூக்குகிறவர்கள் கட்டியைத் தோளில் வைத்தபடியே நின்று கேட்டார்கள். மேலே நின்ற ஜெயவேல், இருதயம்மாளைப் பார்த்து இல்லை என்று தலையை ஆட்டினார். பன்னிரண்டாயிரம் என்று சொல்லி ராசையா கடைசி நூறு ரூபாயை அந்தக் கையில் வைத்தான்.